பதினேழாவது பொருள்

நீதிமன்ற அமீனா தரையில் மண்டியிட்டு, என் மெஷினைப் பக்கவாட்டில் சாய்த்து, அடியில் பொறித்திருந்த எண்ணைக் கைபேசி வெளிச்சத்தில் படித்தார். கையிலிருந்த ஜெராக்ஸ் தாளோடு ஒவ்வோர் எண்ணாக ஒப்பிட்டார். எல்லாம் பொருந்தின.

“யாருங்க இத எழுதுனது?” என்று தாளைத் தூக்கிக் காட்டினார். “எத்தினியோ வருசமா ஊடு ஊடா போறேன். சீர் லிஸ்ட்டுல சீரியல் நம்பர் வரைக்கும் எழுதி இன்னிக்குத்தான் பாக்கறேன்.”

அண்ணன் என்னைப் பார்த்தான். அம்மா சுவரைப் பார்த்தாள். வாசலில் நின்றிருந்த அண்ணி மட்டும் சிரித்தாள்.

“எங்க நாத்தனார்தான் சார். கம்பெனியில இன்ஸ்பெக்டரா இருந்தவங்க. எத எழுதுனாலும் நம்பரோடதான் எழுதுவாங்க.”

அண்ணி அப்போது எங்கள் வீட்டை விட்டுப் போய் ஒன்றரை வருடம் ஆகியிருந்தது. கல்யாணத்தில் தன் வீட்டார் கொடுத்த சீர் முழுவதையும் திருப்பித் தர வேண்டும் என்று குடும்ப நீதிமன்றத்தில் வழக்குப் போட்டிருந்தாள். அண்ணன் ஒரு வாய்தாவுக்கும் போகவில்லை. “எடுத்துக்கினு போவட்டும், பீரோவும் கட்டிலும்தானே” என்றான். அவள் கேட்டபடியே தீர்ப்பாகி, அதை நிறைவேற்ற நீதிமன்ற ஊழியரான அமீனா கருவடிக்குப்பத்தில் எங்கள் வீட்டுக்குப் பட்டியலோடு வந்து நின்றபோதுதான், அதில் பதினேழாவதாக என் மெஷின் இருப்பது எங்களுக்கு நினைவு வந்தது. சரியாகச் சொன்னால், எனக்கு எப்போதும் நினைவிருந்தது. அவள் அதைக் கேட்பாள் என்றுதான் நான் நினைக்கவில்லை.

அது கம்ப்யூட்டர் எம்பிராய்டரி மெஷின். ஜாக்கெட்டின் கையிலும் முதுகிலும் பூ வேலை போடுவது. பாலிடெக்னிக் முடித்து, சேதராப்பட்டில் ஒரு கம்பெனியில் வந்திறங்கும் உதிரிபாகங்களைச் சரிபார்க்கும் வேலையில் சேர்ந்து, இரண்டு வருடச் சம்பளத்தில் சேர்த்து வாங்கியது. பெட்டி பிரிக்கும் முன்பே அண்ணனின் கல்யாணம் வந்துவிட்டது.

எங்கள் ஜனத்தில் பெண் வீட்டுச் சீரை மண்டபத்தில் மேடைக்கு இடப்பக்கம் வரிசையாக வைப்பார்கள். வருகிறவர்கள் மணமக்களுக்குத் திருநீறு வைப்பதற்கு முன் அங்கேதான் போவார்கள். பீரோவைத் திறந்து பார்ப்பார்கள், குடத்தைத் தூக்கிக் கனம் பார்ப்பார்கள். வரவேற்பு அன்று மாலை பெரியவர் ஒருவர் மைக்கில் பட்டியலைப் படிப்பார். பிறகு இரண்டு பக்கமும் கையெழுத்துப் போட்டு ஆளுக்கொரு பிரதி வைத்துக்கொள்வார்கள்.

அண்ணியின் அப்பாவுக்குப் பாகூர் பக்கம் கொஞ்சம் நிலம். அந்த வருடம் மழைத்தண்ணீர் நின்று பயிர் அழுகிப் போயிருந்தது. அவர் கொண்டுவந்து இறக்கியது ஒரு கட்டில், ஒரு பீரோ, ஒரு கிரைண்டர், மற்றதெல்லாம் பாத்திரம். அதற்கு முந்தின மாதம்தான் என் பெரியம்மா மகன் கல்யாணத்தில் மேடைக்குப் பக்கத்தில் ஃபிரிட்ஜும் வாஷிங் மெஷினும் ரிப்பன் கட்டிய பைக்கும் நின்றிருந்தன.

அம்மா சீரைச் சுற்றி ஒரு தடவை நடந்தாள்.

“இத பாத்தா எங்க அக்கா வாயில புடவைய வெச்சிக்கினு சிரிப்பா. ஒம் மெஷின கொண்டாந்து வைடி. பெட்டியோட இருக்குது, புதுசு. ரெண்டு நாள்தானே.”

“அது என்னுதும்மா.”

“ஒன்னுத யாரு தின்னப் போறா? பாக்கறதுக்குத்தானே.”

அண்ணியின் அப்பா அங்கேதான் நின்றிருந்தார். துண்டை ஒரு தோளிலிருந்து மறு தோளுக்கு மாற்றிக்கொண்டார். மணமகள் அறையின் கதவு திறந்திருந்தது. உள்ளே தலைக்குப் பூ வைத்துக்கொண்டிருந்த அண்ணிக்கும் கேட்டிருக்கும்.

என் கையெழுத்து நன்றாக இருக்கும் என்பதால் பட்டியலை என்னிடம் கொடுத்தார்கள். நான் அதைக் கம்பெனிப் பதிவேடு எழுதுவது போலவே எழுதினேன். வரிசை எண், பொருள், எண்ணிக்கை, குறிப்பு என்று நான்கு பத்தி. பீரோவுக்கு உயரமும் அகலமும். குடங்களுக்கு எடை. மெஷினுக்கு மாடல் எண், சீரியல் எண். மேலே தலைப்பு: மணமகளுக்குரிய சீர்வரிசைப் பொருள்கள். பெரியப்பா பதினேழாவதை மைக்கில் படித்தபோது கூட்டத்தில் ஒரு சலசலப்பு வந்தது. அம்மா நிமிர்ந்து உட்கார்ந்தாள்.

அன்று ‘தையல் மிஷின் ஒன்று’ என்று மட்டும் எழுதியிருந்தால், எங்கள் பரணில் கிடக்கும் பழைய மிதி மெஷினை அமீனாவிடம் தூக்கிக் கொடுத்திருக்கலாம். ஒரு பெட்டி வந்தால் முதலில் எண்ணைக் குறித்துக்கொள் என்று கம்பெனியில் எனக்குச் சொல்லிக் கொடுத்திருந்தார்கள். குறித்துக்கொண்டேன்.

“சார், இது என் பொருள்” என்று அமீனாவிடம் சொன்னேன். “பில்லு என் பேர்ல இருக்கு. கம்பெனி வேலைய விட்டப்புறம் இத வெச்சித்தான் சம்பாதிக்கறேன்.”

“இருக்கட்டும்மா. கோர்ட்டுல மனு போடுங்க. நான் ஜட்ஜு இல்ல. லிஸ்ட்ல இருக்கறத எடுக்க வந்த ஆளு.”

கட்டில், பீரோ, கிரைண்டர், பாத்திரம் எல்லாம் வண்டியில் ஏறின. மெஷினை மட்டும், நான் ஆட்சேபம் சொன்னதால், என் பொறுப்பில் விட்டுப் போவதாக எழுதி என்னிடம் கையெழுத்து வாங்கினார். அப்போது அதில் முத்தியால்பேட்டைக் கல்யாணப் பெண் ஒருத்தியின் முகூர்த்த ஜாக்கெட் மாட்டியிருந்தது. ஒரு கையில் கொடி ஓடி முடிந்திருந்தது, இன்னொரு கை வெறுமையாக இருந்தது. “துணிய எடுத்துக்கங்க” என்றார். நூலை வெட்டி எடுத்தேன். பழைய போர்வை ஒன்றை மெஷின்மேல் போட்டு, சணல் கட்டி, முடிச்சுகளில் அரக்கு உருக்கி ஊற்றி முத்திரை வைத்தார். அரக்கு வாசனை இரண்டு நாள் அறையிலேயே நின்றது.

அந்த வாரம் ஜாக்கெட்டுகளை உரியவர்களிடம் திருப்பிக் கொடுத்தேன். மொத்தம் ஒன்பது. முத்தியால்பேட்டைப் பெண்ணின் அம்மா மட்டும் வாசலில் நின்று ஒரு கை ஜாக்கெட்டை விரித்துப் பார்த்தார்.

“கோர்ட்டு ஆளு வந்து போற ஊட்டுல முகூர்த்தத் துணிய குடுத்தேன் பாரு, எஞ்செருப்பாலயே என்ன அடிச்சிக்கணும்” என்றார்.

கடலூர் சாலையிலிருக்கும் நீதிமன்ற வளாகத்துக்கு எதிரே ஒரு மாடியில் எங்கள் வக்கீலின் அறை. என்னை விட நான்கைந்து வயதுதான் மூத்தவர். பொறுமையாக விளக்கினார்.

“இந்த வழக்குல ஒங்க அண்ணி ஒரு ஆளு, ஒங்க அண்ணன் ரெண்டாவது ஆளு. நீங்க மூணாவது ஆளு. அவங்க சண்டையில ஒங்க பொருள எடுத்தா, எடுக்காதீங்கன்னு கேக்க ஒங்களுக்கு உரிமை இருக்கு. ஆனா அது எப்பிடி சீர் லிஸ்ட்டுல வந்துச்சின்னு நீங்கதான் சொல்லணும்.”

பில்லை எடுத்து வைத்தேன். தேதி, என் பெயர், முகவரி, சீரியல் எண் எல்லாம் இருந்தன. அவர் படித்துவிட்டு உதட்டைப் பிதுக்கினார்.

“இது நீங்க வாங்குனதுக்குச் சாட்சி. வாங்கி அவங்களுக்குக் குடுத்துட்டீங்கன்னு அவங்க சொல்லுவாங்க. கல்யாணத்துல புருசன் ஊட்டுக்காரங்க குடுத்தாலும் அது பொண்ணுக்குத்தான் சொந்தம். சும்மா பாக்கறதுக்கு வெச்சது, அது அவங்களுக்கும் தெரியும்னு காட்டணும். அப்பிடி எதுனா நடந்திருக்கா?”

நடந்திருந்தது.

அண்ணி வந்து ஆறு மாதம் இருக்கும். ஒரு நாள் ஷிப்டு முடிந்து வந்தபோது என் அறையில் அவள் மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தாள். அவளுடைய அக்கா குழந்தைக்கு முதல் பிறந்தநாள். மஞ்சள் கவுனில் ஒரு வாத்து போட முயன்றிருக்கிறாள். நூல் சிக்கி, ஊசி முறிந்து, வாத்தின் தலை மட்டும் வந்திருந்தது. என்னைப் பார்த்ததும் எழுந்து நின்றாள்.

“ஊசி வாங்கிக் குடுத்துடறேன்” என்றாள்.

நான் குரலை உயர்த்தவில்லை. நான் குரலை உயர்த்துவதே இல்லை. “இது ஒங்க வீட்டு சீர்னு நீங்களே நம்பிட்டீங்களா அண்ணி?” என்று கேட்டேன்.

அடுப்படியிலிருந்து வந்த அம்மா மிச்சத்தைச் சொன்னாள். “ஒங்கப்பன் கொண்டாந்தது கட்டிலும் பீரோவும்தாண்டி. மானம் போவக் கூடாதுன்னு நாங்க வெச்சது இது. இனிமே இத தொட்டா கைய ஒடிச்சிருவேன்.”

அதற்குப் பிறகு அம்மாவுக்கு அது ஒரு வழக்கமாகிவிட்டது. சாம்பாரில் உப்புக் கூடினாலும், அண்ணி பாகூருக்குப் போக நாள் கேட்டாலும், “ஒன் சீர்ல பெருசா இருந்ததே எம் பொண்ணுது” என்று ஆரம்பிப்பாள். நான் என் அறைக்கு ஒரு பூட்டு வாங்கி மாட்டினேன். சாவி என் கைப்பையில் இருந்தது.

இதை வக்கீலிடம் அப்படியே சொன்னேன். அவர் முகம் தெளிந்தது.

“இது போதுங்க. இதான் சாட்சி. நீங்க சொன்னத யாரு கேட்டா?”

“அம்மா.”

“அம்மாவ கூண்டுல ஏத்துங்க.”

ஆடியில் போட்ட மனு தை வரை இழுத்தது. கார்த்திகை முகூர்த்தம் போனது, தை முகூர்த்தமும் போனது. போர்வைக்குள் மெஷின் பிணம் போல உட்கார்ந்திருந்தது.

என் முறை வந்தபோது எல்லாவற்றையும் வரிசையாகச் சொன்னேன். மண்டபம், அம்மா சீரைச் சுற்றி நடந்தது, பெட்டி, வாத்து, நான் கேட்ட கேள்வி. அந்தக் கேள்வியை அதே வார்த்தைகளில் சொல்லும்படி வக்கீல் முன்பே சொல்லியிருந்தார். சொன்னேன். நீதிபதி தலை நிமிராமல் எழுதிக்கொண்டிருந்தார். அண்ணி பின் வரிசையில் புடவைத் தலைப்பை மடியில் மடித்து மடித்துப் பிரித்துக்கொண்டிருந்தாள். பூட்டு வாங்கியதையும் சொன்னேன். என் வீட்டுக்கு வந்த பெண்ணை நான் எப்படியெல்லாம் அவமானப்படுத்தினேன் என்பதுதான் அந்த மெஷின் என்னுடையது என்பதற்கு ஆதாரம். ஒன்றையும் விடாமல் கொடுத்தேன்.

அண்ணியின் வக்கீல் வயதானவர். பேரப்பிள்ளைகளிடம் பேசுவது போல் பேசினார்.

“பில்லு உன் பேர்ல இருக்குது. யாரும்மா இல்லன்னா? நீ வாங்குனதுதான். லிஸ்ட்டு யாரு கையெழுத்து?”

“என்னுது.”

“தலைப்பு படி.”

“மணமகளுக்குரிய சீர்வரிசைப் பொருள்கள்.”

“அன்னிக்கு யாராவது உன் கையப் புடிச்சி எழுத வெச்சாங்களா?”

“இல்ல.”

“அப்ப அன்னிக்கு எழுதுனது பொய்யா, இன்னிக்கு சொல்றது பொய்யா?”

“அன்னிக்கு எழுதுனது.”

“ஜனத்துக்கு முன்னால பொய் எழுதுவ. கோர்ட்டுக்கு முன்னால மட்டும் உண்மை பேசுவ. சரிம்மா, எறங்கு.”

அடுத்த வாய்தாவில் அண்ணி ஏறினாள். எங்கள் வக்கீல் வாத்தைப் பற்றிக் கேட்டார். அவள் என்னைப் பார்த்துக்கொண்டே பதில் சொன்னாள்.

“அப்பிடி யாரும் சொல்லலிங்க. என் மாமியாரையும் வூட்டுக்காரரையும் பத்தித்தான் என் கம்ப்ளைண்ட்டு. நாத்தனார் மேல எனக்கு ஒரு கொறையும் இல்ல. தங்கமான பொண்ணு. அண்ணி தையல் கத்துக்கட்டும்னு ஆசையா வாங்கி வெச்சாங்க. ஊசி ஒடஞ்சப்பகூட ஒரு வார்த்த கோவமா பேசல.”

எங்கள் வீட்டில் இருந்த இரண்டரை வருடத்தில் அவள் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டதில்லை.

வெளியே தாழ்வாரத்தில் பெஞ்சில் அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தேன்.

“பொய் சொன்னீங்களே அண்ணி.”

“நீ கூண்டுல நின்னு சொன்னியே, அது உண்மை. கேட்டேன். ஒரு எழுத்து மாறல. ஒனக்கு எல்லாமே ஞாபகம் இருக்குது, இல்ல?” என்றாள். தண்ணீர் பாட்டிலைத் திறந்து ஒரு வாய் குடித்தாள். “எனக்கும் இருக்குது.”

அம்மா மட்டும்தான் மிச்சம். அண்ணனை நான் கேட்கவே இல்லை என்று யாரும் நினைக்க வேண்டாம். கேட்டேன். “என்ன இழுக்காத, எனக்கே ஆயிரத்தெட்டு கேசு” என்று சொல்லிவிட்டு வண்டியை எடுத்துக்கொண்டு போய்விட்டான்.

மகளிர் காவல் நிலையத்தில் அண்ணன்மேலும் அம்மாமேலும் அண்ணி கொடுத்திருந்த கொடுமைப் புகார் அப்போது நிலுவையில் இருந்தது. அதைப் பார்த்துக்கொண்ட வேறு வக்கீல் ஒருவர் அம்மாவைக் கூப்பிட்டு, இங்கே வாய் திறந்து சொல்வதெல்லாம் அங்கே போய் உட்காரும் என்று எச்சரித்திருக்கிறார். எனக்கு அது தெரியும். இருந்தும் அம்மா சொல்லுவாள் என்று நம்பினேன். முந்தின நாள் சாயந்திரம் நான் கேட்டபோது, “சொல்லாம பின்ன? எம் பொண்ணு ஒழச்சி வாங்குனது” என்றாள். மறுநாள் பட்டுப்புடவை கட்டிக்கொண்டு வந்தாள்.

எங்கள் வக்கீல் மெதுவாக ஆரம்பித்தார். “ஒங்க மருமக அந்த மெஷினத் தொட்டப்ப நீங்க எதுனா சொன்னீங்களாம்மா?”

“நானா? நான் இன்னா சொல்லப் போறேன்?”

“அது ஒங்க பொண்ணோட மெஷின், தொடக் கூடாதுன்னு...”

“அய்யய்யோ. அப்பிடியெல்லாம் பேசற கொணமே எனக்குக் கெடையாதுங்க. எம் மருமவள எம் பொண்ணு மாறிதான் வெச்சிருந்தேன். அவுங்க ஊட்டு சீர நான் ஒரு நாளும் கொற சொன்னதில்ல. எது சீரோ அது அவளுதுதான்.”

வக்கீல் என்னைத் திரும்பிப் பார்த்தார். பிறகு கடைசியாக ஒன்று கேட்டார்.

“அப்ப அந்த மெஷின் யாருதும்மா?”

அம்மா என்னைப் பார்க்கவில்லை. நீதிபதிக்குக் கும்பிடு போட்டாள்.

“எழுதி வெச்சிருக்குதே சாமி. எம் பொண்ணு எழுதுனா சரியாத்தான் இருக்கும்.”

எதிர் வக்கீல் எழுந்து, கேள்வி எதுவும் இல்லை என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். அம்மாவும் அண்ணியும் வாழ்க்கையில் ஒரே ஒரு தடவை ஒரே மாதிரிப் பேசினார்கள். அது அந்தக் கூண்டில்.

ஆட்டோவில் திரும்பும்போது அம்மா சொன்னாள்: “மெஷினு போனா இன்னொன்னு வாங்கலாம். எம் புள்ள ஜெயிலுக்குப் போனா வாங்க முடியுமா? நீயே கணக்குப் போட்டுப் பாரு, நீதான் படிச்சவளாச்சே.”

போட்டுப் பார்த்தேன். அம்மா சொன்னது சரியாகத்தான் இருந்தது. ஆனால் அண்ணனைக் காப்பாற்றத்தான் சொன்னாளா, மண்டபத்தில் மைக்கில் படித்தது பொய் என்று பெரியம்மாவுக்குத் தெரியாமலிருக்கச் சொன்னாளா என்று எனக்கு இன்றுவரை தெரியாது. நான் கேட்கவும் இல்லை.

மனு தள்ளுபடியாகி இரண்டு வாரத்தில் அமீனா மறுபடி வந்தார். கூடவே அண்ணியும், ஒரு குட்டியானை வண்டியும், ஓட்டுநரும். முத்திரைகளைச் சரிபார்த்து உடைத்தார். போர்வையை நானே எடுத்து மடித்தேன்.

“ஒரு நிமிசம் சார்” என்றேன். “லிஸ்ட்ல என்ன இருக்கு?”

அவர் படித்தார். “மெஷின் ஒண்ணு. மாடல் நம்பர், சீரியல் நம்பர்.”

“அவ்வளவுதானே? ஃபிரேம் இல்லையே?”

துணியை இறுக்கிப் பிடிக்கும் ஃபிரேம் இல்லாமல் அது எதையும் தைக்காது. அலமாரியிலிருந்த நான்கு ஃபிரேமையும் எடுத்துத் தனியே வைத்தேன். பிறகு மெஷினிலிருந்து ஒவ்வொன்றாகக் கழற்றினேன். ஊசி. பாபின். பாபின் உறை. நூல் கம்பி. டிசைன்கள் இருந்த பென்டிரைவ். கடைசியில் பின்பக்கம் போய் மின் வயரையும் உருவினேன். ஒவ்வொன்றையும் எடுக்கும்போது அமீனாவிடம் காட்டி, “இது லிஸ்ட்ல இல்ல” என்றேன். அவருக்குச் சங்கடமாக இருந்தது.

“விடுங்கம்மா, பாவம், ஓட்டணுமில்ல அவங்க” என்றார்.

அண்ணி கதவில் சாய்ந்து நின்று கடைசி வரை பார்த்துக்கொண்டிருந்தாள்.

“கழட்டட்டும் சார். எல்லாத்தையும் கழட்டிக்கட்டும்” என்றாள். “நான் ஓட்டறதுக்கா எடுத்துக்கினு போறேன்?”

ஓட்டுநர் மெஷினைத் தூக்கிக்கொண்டு போனார். நானும் பின்னாலேயே வாசலுக்குப் போனேன். வண்டியில் வைக்கும்போது என்னையறியாமல் வாயைத் திறந்துவிட்டேன்.

“அண்ணா, நிமித்தி வைங்க. சாய்ச்சா எண்ணெ எறங்கி மோட்டார் போயிடும்.”

அவர் நிமிர்த்தப் போனார். அண்ணி அவர் தோளுக்கு மேல் எட்டிப் பார்த்தாள்.

“படுக்க வெச்சே கட்டுங்க” என்றாள்.

படுக்க வைத்தார். கயிற்றை இழுத்து இரண்டு சுற்றுச் சுற்றினார். அடித்தகடு தெருவைப் பார்த்துத் திரும்பியிருந்தது. எண் நன்றாகத் தெரிந்தது. எதிர்வீட்டில் இரண்டு பேர் கதவருகே வந்து நின்றார்கள். வண்டி முனை திரும்பும் வரை நான் நான்கு ஃபிரேமையும் கையில் கோத்துக்கொண்டு நின்றேன்.

“உள்ள வாடி” என்றாள் அம்மா, கதவுக்குப் பின்னாலிருந்து. “ஜனம் பாக்குது.”